கூட்டக் கூட்டக் குறையும் புதிர்

"கணக்கு எங்கள் குடும்பத்துக்கே வராது, சாமி!" என்று பெற்றோர் சொல்லக் கேட்காத பங்குத்தந்தை நம் மாவட்டத்தில் இருப்பது அரிது. சொல்பவர் யாரென்று பார்த்தால் வியப்பே மேலிடும். கடற்கரையில் மீன் ஏலம் முடிந்தவுடன் எண்ணெய்ச் செலவைக் கழித்து, வள்ளத்துக்கு ஒரு பங்கு, வலைக்கு ஒரு பங்கு, ஆளுக்கு இவ்வளவு என்று தாளும் எழுதுகோலுமின்றிப் பிரித்துக் கொடுப்பவர் அவர். அல்லது வித்து, உரம், நடவுக் கூலி, அறுப்புக் கூலி அனைத்தையும் மனத்திலேயே வைத்திருந்து ஒரு பூவின் இலாப நட்டத்தைச் சொல்லும் விவசாயி. அல்லது சுய உதவிக் குழுவின் வரவு செலவை ஆண்டுக்கணக்கில் பிழையின்றிக் காத்துவரும் அம்மையார். இவர்களுக்குத்தான் கணக்கு வராதாம்!

பெற்றோர் விளையாட்டாய்ச் சொல்லும் இச்சொல்லைப் பிள்ளைகள் விளையாட்டாய் எடுத்துக்கொள்வதில்லை. வீட்டையும் விளையையும் போல அதனையும் தங்கள் குடும்பச் சொத்தாக ஏற்றுக்கொள்கின்றனர். ஒன்பதாம் வகுப்பில் எழுத்தும் எண்ணும் கலந்த கணக்குகள் வந்தவுடன், "இது நமக்கு உரியதன்று" என்று ஒதுங்கிவிடுகின்றனர். அந்த ஒதுக்கம் பத்தாம் வகுப்பில் தோல்வியாகிறது. தோற்ற பிள்ளை படகுக்கோ கடைக்கோ திருமணத்துக்கோ அனுப்பப்படுகிறது. 2011 ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி தமிழகத்திலேயே எழுத்தறிவில் முதலிடம் பெற்றது நம் குமரி மாவட்டம். அத்தகைய மாவட்டத்தில் ஒரு சமன்பாட்டைக் கண்டு அஞ்சிப் பள்ளியை விட்டு ஒரு பிள்ளை விலகுமாயின், அந்த இழப்பு ஆசிரியருடையது மட்டுமன்று, நம்முடையதுமாகும்.

ஆகவே இம்மாதம் அப்பாடங்களுள் ஒன்றையே பெற்றோராகிய உங்கள் முன் வைக்கத் துணிகிறேன். பள்ளியில் இதனை 'ஒருங்கமை நேரியச் சமன்பாடுகள்' என்பர். தீர்க்கும் வழிகளுள் ஒன்று 'நீக்கல் முறை'. கூட்டியே நீக்குவதால் கூட்டல் முறை என்றும் சொல்லலாம். பெயர் அச்சுறுத்தினாலும் பொருள் நீங்கள் அறிந்ததே.

படகும் நீரோட்டமும்

ஒரு படகு நீரோட்டத்தின் போக்கிலே செல்கையில் மணிக்கு 12 கிலோமீட்டர் செல்கிறது என்று கொள்வோம். அதே படகு, அதே விசையில், நீரோட்டத்தை எதிர்த்து வருகையில் மணிக்கு 8 கிலோமீட்டரே வருகிறது. படகின் சொந்த வேகம் என்ன? நீரோட்டத்தின் வேகம் என்ன?

அறியாத பொருள்கள் இரண்டு. படகின் வேகத்தைப் 'ப' என்றும், நீரோட்டத்தின் வேகத்தை 'நீ' என்றும் எழுதுவோம். (பாடநூலில் எக்ஸ், ஒய் என்றிருக்கும், பெயரில் என்ன இருக்கிறது?) போகையில் நீரோட்டம் துணை நின்றது, வருகையில் அதுவே தடை செய்தது. எனவே,

ப + நீ = 12
ப − நீ = 8

இனி இவ்விரண்டு வரிகளையும் மேலும் கீழுமாக அப்படியே கூட்டுங்கள். படகு இருமுறை வருகிறது. நீரோட்டமோ ஒருமுறை துணையாகவும் ஒருமுறை தடையாகவும் வருவதால் தன்னைத் தானே அழித்துக்கொள்கிறது. வலப்பக்கம் 12 உம் 8 உம் சேர்ந்து 20. ஆக, இரண்டு படகு வேகம் 20, ஒன்று 10. நீரோட்டம் 2. முடிந்தது கணக்கு!

இதில் பிள்ளைகள் கேட்கத் தயங்கும் ஐயம் ஒன்றுண்டு. "இரண்டு தனித்தனிச் செய்திகளை எப்படிக் கூட்டலாம்? அதற்கு யார் அனுமதி கொடுத்தார்?" நல்ல கேள்வி. விடை தராசில் இருக்கிறது. இரு தட்டும் சமமாய் நிற்கும் தராசில், இடத்தட்டில் ஒரு பொருளையும் வலத்தட்டில் அதே எடையுள்ள வேறொரு பொருளையும் வைத்தால் முள் அசையுமா? அசையாது. 'ப − நீ' என்பதும் 8 என்பதும் ஒரே எடை. ஆதலின் முதல் வரியின் இடப்பக்கத்தில் ஒன்றையும் வலப்பக்கத்தில் மற்றொன்றையும் சேர்த்தால் சமநிலை கெடுவதில்லை. உண்மையோடு உண்மையைச் சேர்த்தால் உண்மையே எஞ்சும். இம்முறையின் உயிர்நாடி இதுவே. இதை உணர்ந்த பிள்ளை மனப்பாடம் செய்ய வேண்டியதில்லை. உணராத பிள்ளைக்கு எத்தனை முறை எழுதினாலும் அது மந்திரமாகவே இருக்கும்.

கடனும் உடைமையும்

எல்லாக் கணக்கிலும் அறியாதது தானாகவே அழிவதில்லை. சில வேளைகளில் நாம்தான் அதற்கு வழி செய்ய வேண்டும். தோவாளைப் பூச்சந்தையை நினைத்துக்கொள்ளுங்கள். ஒரே நாளில், ஒரே கடையில், ஒரே விலைக்கு இருவர் பூ வாங்குகின்றனர். ஒருவர் 2 கிலோ பிச்சியும் 3 கிலோ சம்பங்கியும் வாங்கி 1,350 ரூபாய் கொடுத்தார். மற்றவர் 1 கிலோ பிச்சியும் 4 கிலோ சம்பங்கியும் வாங்கி 1,050 ரூபாய் கொடுத்தார். (எண்கள் எடுத்துக்காட்டுக்கே, சந்தை விலை நாளுக்கு நாள் மாறும்.) கிலோ என்ன விலை?

2 பி + 3 ச = 1,350
1 பி + 4 ச = 1,050

இப்படியே கூட்டினால் ஒன்றும் அழியாது. ஆனால் இரண்டாமவர் வாங்கியதைப் போல் இருமடங்கு வாங்கினால் என்ன ஆகும்? 2 கிலோ பிச்சி, 8 கிலோ சம்பங்கி, 2,100 ரூபாய். இதில் பிச்சி முதலாமவர் வாங்கிய அளவுக்குச் சரியாக வந்துவிட்டது. அது அழிய வேண்டுமானால் எதிர்க்குறி பெற வேண்டும். ஆகவே இரண்டாம் வரி முழுவதையும் −2 ஆல் பெருக்குகிறோம்:

−2 பி − 8 ச = −2,100

முதல் வரியோடு கூட்டுங்கள். பிச்சி மறைந்தது. 3 சம்பங்கியும் −8 சம்பங்கியும் சேர்ந்து −5 சம்பங்கி. 1,350 உம் −2,100 உம் சேர்ந்து −750. ஆகவே ஒரு கிலோ சம்பங்கி 150 ரூபாய். அதனை இரண்டாம் வரியில் இட்டால், 4 கிலோவுக்கு 600 போக, பிச்சி கிலோ 450 ரூபாய்.

எதிர்க்குறி என்றதும் மாணவர் மருள்வது வழக்கம். நம் நாட்டு முன்னோர் இதற்கு அருமையான பெயரிட்டிருந்தனர். கி.பி. 628 இல் 'பிரம்ம ஸ்புட சித்தாந்தம்' இயற்றிய பிரம்மகுப்தர் நேர் எண்ணைத் 'தனம்' என்றும், எதிர் எண்ணை 'ருணம்' என்றும் வழங்கினார். தனம் உடைமை, ருணம் கடன். உடைமையும் அதே அளவு கடனும் சேர்ந்தால் சுழியாகும் என்பது அவர் தந்த விதிகளுள் ஒன்று. நூறு ரூபாய் கையிலிருந்து, நூறு ரூபாய் கடனும் இருந்தால் மிஞ்சுவது என்ன என்பதை எந்தத் தாய் அறியமாட்டாள்? அறியாத பொருளுக்கு நிறங்களின் பெயரைச் சூட்டி, அப்பெயரின் முதலெழுத்தைக் குறியாக எழுதுவதும் இந்தியக் கணிதரின் வழக்கமே. 'காளகம்' என்னும் கருமைக்குக் 'கா'. 'நீலகம்' என்னும் நீலத்துக்கு 'நீ'. நாம் பிச்சிக்குப் 'பி' என்று எழுதியது புதுமையன்று.

நாரத்தையும் விளாவும்

ஏறத்தாழ கி.பி. 850 இல், இராஷ்டிரகூட மன்னர் அமோகவர்ஷர் ஆட்சியில், கன்னட நாட்டில் மகாவீரர் என்னும் சமணக் கணித அறிஞர் வாழ்ந்தார். அவர் வடமொழியில் எழுதிய 'கணித சார சங்கிரகம்' என்னும் நூலை, சென்னை மாநிலக் கல்லூரியில் பேராசிரியராய் விளங்கிய ரங்காசாரியார் ஆங்கிலத்தில் பெயர்த்தார். சென்னை அரசு அதனை 1912 இல் அச்சிட்டது. அந்நூலில் வரும் கணக்கொன்றின் செய்தி இது: 9 நாரத்தம்பழமும் 7 விளாம்பழமும் சேர்ந்து விலை 107. 7 நாரத்தையும் 9 விளாம்பழமும் சேர்ந்து விலை 101. ஒவ்வொன்றின் விலை என்ன?

மகாவீரர் இதற்கென விதியொன்று தருகிறார். நாம் கூட்டல் முறையிலேயே காண்போம். இரண்டு வரிகளையும் கூட்டினால் 16 நாரத்தையும் 16 விளாவும் 208. ஆகவே ஒரு நாரத்தையும் ஒரு விளாவும் சேர்ந்து 13. இரண்டாம் வரியைக் கடனாக்கி முதல் வரியோடு கூட்டினால், 2 நாரத்தையில் 2 விளா குறைந்தது 6. ஆகவே ஒரு நாரத்தை ஒரு விளாவைவிட 3 அதிகம்.

நா + வி = 13
நா − வி = 3

இப்போது பாருங்கள்! நம் படகும் நீரோட்டமும் மீண்டும் வந்து நிற்கின்றன. கூட்டினால் 2 நாரத்தை 16. ஒரு நாரத்தை 8, ஒரு விளா 5. ஆயிரத்து நூற்றுக்கு மேற்பட்ட ஆண்டுகளுக்கு முன் பழக்கடை விலையைக் கொண்டு ஓர் அறிஞர் பாடம் நடத்தினார். இன்று நம் பிள்ளைகள் பழக்கடையை மறந்து எழுத்துகளை மட்டும் கண்டு அஞ்சுகின்றனர்.

மூவகை நெற்கட்டு

பத்தாம் வகுப்பில் அறியாதவை மூன்றாகின்றன. அங்கேயும் முறை மாறுவதில்லை. இதற்குச் சான்றாகச் சீன தேசத்துக்குச் செல்வோம். ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன் தொகுக்கப்பெற்ற 'கணிதக் கலையின் ஒன்பது அத்தியாயங்கள்' என்னும் நூலின் எட்டாம் அத்தியாயம் இத்தகைய கணக்குகளுக்கே உரியது. சிறு கோல்களைப் பலகையில் வரிசையாய் அடுக்கி அவர்கள் கணக்கிட்டனர். கி.பி. 263 இல் அந்நூலுக்கு உரை வரைந்த லியூ ஹூய், நேர் எண்ணுக்குச் சிவப்புக் கோலும் எதிர் எண்ணுக்குக் கறுப்புக் கோலும் கொள்ளலாம் என்கிறார்.

அவ்வத்தியாயத்தின் முதற் கணக்கு தானியக் கட்டுகளைப் பற்றியது. நாஞ்சில் நாட்டார் வயலில் காணும் நெற்கட்டாகவே அதனை எண்ணிக்கொள்ளலாம். அளவை நம் வசதிக்காக மரக்கால் என்று வைப்போம். மேல்தரக் கட்டு 3, நடுத்தரம் 2, கடைத்தரம் 1 அடித்தால் 39 மரக்கால். மேல்தரம் 2, நடுத்தரம் 3, கடைத்தரம் 1 அடித்தால் 34. மேல்தரம் 1, நடுத்தரம் 2, கடைத்தரம் 3 அடித்தால் 26. ஒவ்வொரு கட்டிலும் எவ்வளவு?

முதல் இரண்டு வரிகளிலும் கடைத்தரம் ஒவ்வொன்றே. இரண்டாவதைக் கடனாக்கிக் கூட்டினால் அது அழியும்:

மே − ந = 5

முதல் வரியை மும்மடங்காக்கி, மூன்றாம் வரியைக் கடனாக்கிக் கூட்டினாலும் கடைத்தரம் அழியும்:

8 மே + 4 ந = 91

மூன்று புதிர்கள் இரண்டாயின. இனி 'மே − ந = 5' என்பதை 4 ஆல் பெருக்கினால் '4 மே − 4 ந = 20'. இதனை மேற்கண்டதோடு கூட்டினால் நடுத்தரமும் அழிந்து, 12 மேல்தரக் கட்டு 111 மரக்கால் என்றாகிறது. எனவே மேல்தரம் ஒன்பதே கால். அதிலிருந்து நடுத்தரம் நாலே கால். கடைத்தரம் இரண்டே முக்கால். கால், அரை, முக்கால் என்று வாயாலேயே கணக்கிட்ட நம் பாட்டிமார் இவ்விடையைக் கேட்டு மகிழ்ந்திருப்பர்.

இவ்வாறு ஒவ்வொன்றாய் நீக்கிச் செல்வதையே பன்னிரண்டாம் வகுப்பில் 'காஸ்ஸியன் நீக்கல் முறை' என்று கற்பிக்கின்றனர். காஸ் என்பவர் ஜெர்மானியக் கணித மேதை. 1801 ஜனவரி முதல் நாள், சிசிலித் தீவின் பலெர்மோ நகரில் வானாய்வு செய்துவந்த கத்தோலிக்கக் குருவாகிய பியாசி, 'சீரிஸ்' என்னும் சிறு கோளைக் கண்டார். சில வாரங்களில் அது கதிரவன் ஒளியில் மறைந்துபோயிற்று. அது மீண்டும் எங்கே தோன்றும் என்பதைக் கணித்துக் கூறியவர் அப்போது 24 வயது இளைஞரான காஸ். அவ்வாண்டின் இறுதியில், அவர் சுட்டிய இடத்தருகே அது மீண்டும் காணப்பட்டது. பின்னர்ப் 'பல்லாஸ்' என்னும் மற்றொரு சிறு கோளின் பாதையை ஆராய்கையில், அறியாத பல அளவுகளை ஒவ்வொன்றாய் நீக்கும் முறையை அவர் ஒழுங்குபடுத்திக் காட்டினார். அதனால் அவர் பெயர் நிலைத்தது.

விடை கிடைக்காத வேளை

இரண்டு வரிகள் இருந்தால் எப்போதும் விடை வந்துவிடுமா? வராது. இவ்விடத்தில் பிள்ளைகளைவிடப் பெரியவர்கள் கற்க வேண்டியது அதிகம்.

மீண்டும் பூக்கடைக்கே வருவோம். ஒருவர் 2 கிலோ பிச்சியும் 3 கிலோ சம்பங்கியும் 1,350 ரூபாய் என்கிறார். மற்றவர் 4 கிலோ பிச்சியும் 6 கிலோ சம்பங்கியும் 2,700 ரூபாய் என்கிறார். முதல் வரியை −2 ஆல் பெருக்கிக் கூட்டிப் பாருங்கள். பிச்சியும் மறையும், சம்பங்கியும் மறையும், ரூபாயும் மறையும்; 0 = 0 என்று நிற்கும். பிழை எங்கே? பிழையில்லை. இரண்டாமவர் புதிதாக ஒன்றும் சொல்லவில்லை. முதலாமவர் சொன்னதையே இருமடங்காக்கிச் சொன்னார். செய்தி இரண்டுபோல் தோன்றினாலும் உண்மையில் ஒன்றுதான். பத்துப் பேர் ஒரே வாயிலிருந்து கேட்டதைத் திருப்பிச் சொன்னால் பத்துச் சாட்சிகளாகிவிடுவரா?

இரண்டாமவர் 2,800 ரூபாய் என்று சொல்லியிருந்தால், கூட்டியபின் 0 = 100 என்று வரும். இது நடவாத காரியம். ஒருவர் தவறாகச் சொல்லியிருக்க வேண்டும், அல்லது இருவருக்கும் ஒரே விலை போடப்படவில்லை. யார் மீது தவறு என்பதைக் கணக்கு சொல்லாது. தவறு இருக்கிறது என்பதை மட்டும் ஐயத்துக்கிடமின்றிச் சொல்லிவிடும். அதன்பின் விசாரிக்க வேண்டியது நம் கடமை. குடும்பத்திலும் ஊரிலும் ஒரு தரப்பை மட்டும் கேட்டுத் தீர்ப்புச் சொல்லத் துடிப்போர் இவ்வரிகளைப் பொறுமையாய் ஒருமுறை எழுதிப் பார்த்தல் நலம்.

மருத்துவமனையில் 'சி.டி. ஸ்கேன்' எடுக்கும் கருவியும் இந்நெறியையே சார்ந்து நிற்கிறது. ஒரு கதிர் உடலினூடே சென்று வெளிவருகையில், வழியிலுள்ள பகுதிகள் அனைத்தும் சேர்ந்து அதனை எவ்வளவு தடுத்தன என்னும் மொத்தத்தை மட்டுமே தெரிவிக்கும். எப்பகுதி எவ்வளவு தடுத்தது என்று சொல்லாது. பூக்கடை மொத்தத் தொகையைப் போன்றதுதான் இது. எனவே கருவி பல கோணங்களிலிருந்து எண்ணற்ற மொத்தங்களைத் திரட்டுகிறது. ஒரே கோணத்தில் ஆயிரம் முறை எடுத்தாலும் சொன்னதையே சொன்னதாகும். பல கோணத்து மொத்தங்களிலிருந்து கணிப்பொறி ஒவ்வொரு பகுதியையும் பிரித்தறிந்து படமாகத் தருகிறது. 1971 இல் இலண்டன் நகரில் முதன்முறையாக ஒரு நோயாளிக்கு இவ்வாறு படமெடுக்கப்பட்டது. இக்கருவிக்கு வழிகண்ட ஹவுன்ஸ்ஃபீல்டு, கார்மக் இருவருக்கும் 1979 இல் மருத்துவத்துக்கான நோபல் பரிசு வழங்கப்பட்டது. மொத்தத்திலிருந்து பகுதியைக் காணும் ஆசை எத்துணை உயிர்களைக் காத்துவருகிறது, பாருங்கள்!

பெற்றோர் செய்யத்தக்கவை

பிள்ளைகள் இக்கணக்கில் வழக்கமாக இடறும் இடங்கள் நான்கு. ஒன்று, வரியைப் பெருக்கும்போது இடப்பக்கத்தைப் பெருக்கி, வலப்பக்கத்துத் தொகையை மறந்துவிடுதல். இருமடங்கு பூ வாங்கியவர் இருமடங்கு பணம் தரவேண்டாமா? இரண்டு, கடனாக்கும்போது முதல் உறுப்புக்கு மட்டும் குறி மாற்றி, மற்றவற்றை அப்படியே விடுதல். மூன்று, ஒன்றைக் கண்டவுடன் வேலை முடிந்ததென்று நோட்டை மூடிவிடுதல். நான்கு, கிடைத்த விடையைச் சரிபாராமை. இந்நான்கையும் காண உங்களுக்குப் பட்டம் வேண்டியதில்லை. "இருமடங்கு பூவுக்கு எவ்வளவு ரூபாய், மக்களே?" என்று ஒரு கேள்வி கேட்டால் போதும்; பிள்ளை தானே திருத்திக்கொள்ளும்.

'ஆற்றிலே போட்டாலும் அளந்து போடு' என்று சொல்லி வளர்ந்த மக்கள் நாம். அளப்பது நமக்குப் புதிதன்று. வடசேரிச் சந்தைக்கோ உள்ளூர்க் கடைக்கோ செல்லும்போது பிள்ளையை உடன் அழைத்துச் செல்லுங்கள். மொத்தத் தொகையை மட்டும் சொல்லி, தனி விலையை அவர்களே கண்டுபிடிக்கட்டும். அடுக்களையில் வேலை செய்தவாறே தாய் கேட்கும் கேள்வி பிள்ளையின் அச்சத்தை வெகுவாய்க் குறைக்கும். பெண் பிள்ளையாயின் "உனக்கெதற்கு இதெல்லாம்?" என்னும் சொல் வீட்டில் எழாதிருக்கட்டும். எல்லாவற்றுக்கும் மேலாக, "நமக்குக் கணக்கு வராது" என்பதை இன்றோடு நிறுத்திவிடுங்கள். அது உண்மையன்று.

இன்றிரவு உணவுக்குப்பின் வீட்டிலுள்ளோர் சேர்ந்து செய்வதற்கு ஒரு கணக்கு. ஒரே கடையில் 4 தேங்காயும் 3 சீப்பு மட்டிப்பழமும் 340 ரூபாய். 2 தேங்காயும் 5 சீப்பு மட்டிப்பழமும் 380 ரூபாய். தேங்காய் என்ன விலை? சீப்பு என்ன விலை?

விடையை இங்கே நான் தரப்போவதில்லை. அடுத்த இதழிலும் வராது. கண்ட விடையை இரண்டு வரிகளிலும் இட்டுப் பாருங்கள். 340 உம் 380 உம் வந்தால் அது சரி. அதற்கு ஆசிரியரின் ஒப்பமோ அடியேனின் சான்றோ தேவையில்லை.